பங்கீட்டுக் கெழு

மேலஓடத்தூர்,
(வழி) கூத்தாநல்லூர்.
29-8-1970

சிரஞ்சீவி தம்பி பஞ்சநதத்துக்கு அக்கா ஆனந்தவல்லியின் ஆசீர்வாதம்.

எப்போதும் நலம் என்றுதான் தொடங்குவேன். இந்தத் தடவை அந்த வார்த்தையை எழுதப் பேனா நகரவில்லை. எனக்கும் உன் மச்சானுக்கும் உடம்புக்கு ஒன்றுமில்லை. ஊருக்குத்தான் உடம்பு சரியில்லை.

நீ போன மாதம் அனுப்பிய சொற்களுக்கு நான் இன்னும் பதில் எழுதவில்லை. உங்கள் கலைச்சொல் குழுவில் அத்தனை பெரிய மனிதர்கள் உட்கார்ந்திருக்க, எஸ்.எஸ்.எல்.சி.யோடு நின்றுபோன அக்காவுக்கு அனுப்பி, இது சாதாரண ஜனங்களுக்குப் புரியுமா என்று கேட்கிறாயே, அதில் எனக்குப் பெருமை உண்டு. மருந்து வேதியியலைத் தமிழில் கொண்டுவருகிற வேலையில் நானும் இருக்கிறேன் என்று உன் மச்சானிடம் பீற்றிக்கொள்வேன். அந்தச் சொற்களில் ஒன்றைப் பார்த்துச் சிரித்தேன். பங்கீட்டுக் கெழு. பங்கீடு என்று வாயைத் திறந்தாலே இந்தத் தாலுக்காவில் அரிவாளைத் தூக்குகிறார்கள், நீ போய் அதற்குக் கெழு வேறு சேர்த்திருக்கிறாய் என்று எழுத நினைத்திருந்தேன். இப்போது சிரிப்பு வரவில்லை. அந்தச் சொல்லைப் பற்றித்தான் இந்தக் கடிதமே.

நம் வீட்டில் ஏரோட்டிய வைரக்கண்ணுவை உனக்குத் தெரியும். பொங்கலுக்கு நீ வந்தபோது ரயிலடியிலிருந்து உன் பெட்டியைத் தூக்கிவந்தவன். அவன் செத்துப்போய்விட்டான்.

ஆடிக் கடைசியில் குறுவைப் பயிரில் குருத்துப்பூச்சி விழுந்தது. மருந்தடிக்காவிட்டால் கதிரெல்லாம் வெளுத்துப் பதராகப் போய்விடும். ஆனால் அறுவடைக் கூலி விஷயத்தில் விவசாயக் கூலிகளின் சங்கத்துக்கும் மிராசுதார்களுக்கும் பேச்சு முறிந்து, சங்கத்து ஆள் யாரும் வயலில் இறங்கக் கூடாது என்று கட்டுப்பாடு. வைரக்கண்ணு மட்டும் கேட்கவில்லை. 'நமக்குள்ள ஆயிரம் இருக்கட்டுங்க, பயிரு என்னங்க பாவம் பண்ணுச்சு' என்று சொல்லிக்கொண்டு வந்துவிட்டான். அவன் பெண்டாட்டி காத்தாயி சங்கத்துக் கொடியைப் பிடித்து முன்னால் நடப்பவள். அன்று காலையில் அவனை வழிமறித்திருக்கிறாள். அவன் அவளைத் தள்ளிவிட்டு வந்ததும், 'அந்த மருந்தையே குடிச்சு நொரை தள்ளிச் செத்துப் போ' என்று தெருவே கேட்கக் கத்தியிருக்கிறாள். இந்தச் சீமையில் எந்தப் பெண்டாட்டி எந்தப் புருஷனை இப்படித் திட்டவில்லை? திட்டியவளே மத்தியானம் கஞ்சியும் கொண்டுவந்தாள். வரப்பில் உட்கார்ந்து குடித்தான். தூக்குவாளியை வாய்க்காலில் அலசி எடுத்துக்கொண்டு அவள் போய்விட்டாள்.

சற்றைக்கெல்லாம் அவனுக்கு வேர்த்துக் கொட்டியது. வாயில் நுரை தள்ளியது. தொடையில், புஜத்தில் சதை தனித்தனியாகத் துடித்ததாம். கண்மணி கடுகாகச் சுருங்கிவிட்டதாம். உன் மச்சான்தான் கட்டிலில் தூக்கிப் போட்டு வண்டி கட்டிக்கொண்டு ஓடினார். ஆஸ்பத்திரி வாசலைத் தொடும்போது உயிர் இல்லை. திரும்பி வந்தவர் இரண்டு நாள் வயல் பக்கமே போகவில்லை. அவரைக் கல் நெஞ்சுக்காரர் என்று நினைத்துவிடாதே.

மறுநாள் போலீஸ் வந்து காத்தாயியைக் கொண்டுபோய்விட்டது. திட்டியதைத் தெரு கேட்டிருக்கிறது, கஞ்சி கொடுத்ததை எல்லாரும் பார்த்திருக்கிறார்கள், பாத்திரத்தை வேறு கழுவிவிட்டாள். கட்டுப்பாட்டை மீறிய புருஷனைச் சங்கத்துக்காரி விஷம் வைத்துக் கொன்றாள் என்று மிராசுதார்கள் ஊரூராகச் சொல்லிவிட்டார்கள். அவர்களுக்கு வெல்லம் கிடைத்த மாதிரி.

இப்போது நான் உன்னைக் கேட்க வந்த விஷயம். மருந்தடிக்க வருகிறவனுக்கு வீட்டிலிருந்து எண்ணெய் கொடுப்பது இந்தப் பக்கத்தில் வழக்கமாகிவிட்டது. இந்த மருந்தே நேற்று முளைத்தது, அதற்குள் அதற்கென்று ஒரு வழக்கம். உடம்பில் எண்ணெய் இருந்தால் மருந்து ஒட்டாமல் வழிந்துவிடும் என்று எல்லாருக்கும் நம்பிக்கை. அன்றும் நான்தான் நல்லெண்ணெய் ஊற்றினேன். 'இன்னொரு கை ஊத்துங்கம்மா, மருந்தடிக்கிற டின்னு முதுகுல ஒழுகுது' என்று கேட்டான். தாராளமாக ஊற்றினேன். உச்சி முதல் உள்ளங்கால் வரை பூசிக்கொண்டு போனான். பிரேதத்தை அறுத்த டாக்டர், எண்ணெய் பூசிய உடம்பில் தோல் வழியாக விஷம் போக முடியாது, ஆகவே வாய் வழியாகத்தான் போயிருக்க வேண்டும் என்று எழுதிவிட்டார். உன் மச்சானும் அப்படியே வாக்குமூலம் கொடுத்திருக்கிறார். எண்ணெய் பூசிக்கொண்டதை என் கண்ணால் பார்த்தேன் என்று கையெழுத்துப் போட்டிருக்கிறார். அந்த எண்ணெய்தான் இப்போது காத்தாயி கழுத்தில் சுருக்கு.

ஆனால் நீ எழுதியிருந்தாயே. எண்ணெயையும் தண்ணீரையும் ஒன்றாக ஊற்றி ஒரு மருந்தைப் போட்டுக் குலுக்கினால், எண்ணெயில் எவ்வளவு போய்த் தங்குகிறது, தண்ணீரில் எவ்வளவு தங்குகிறது என்ற கணக்குக்குப் பெயர்தான் பங்கீட்டுக் கெழு என்று. எண்ணெய்ப் பக்கம் சாய்கிற மருந்துக்குத் தோல் ஒரு தடையே இல்லை என்றும் எழுதியிருந்தாய். படித்தபோது பாடம் மாதிரி படித்துவிட்டு வைத்துவிட்டேன். முந்தாநாள் தோசைக்கல்லில் எண்ணெய் தடவிக்கொண்டிருந்தபோது அது நினைவுக்கு வந்தது. கை அப்படியே நின்றுவிட்டது. தோசை கருகி உன் மச்சான் சத்தம் போட்டார்.

தம்பி, இந்தப் பூச்சிமருந்து எந்தப் பக்கம் சாய்கிற ஜாதி? மருந்து டப்பாவில் இருந்த இங்கிலீஷை எழுத்துக்கூட்டிப் படித்தேன். பாரத்தியான் என்று போட்டிருக்கிறது. எண்ணெய் அதைத் தடுக்குமா, இழுக்குமா? இந்த ஒன்றுக்கு மட்டும் உடனே பதில் எழுது. மற்றச் சொற்கள் காத்திருக்கட்டும்.

உன் உடம்பைப் பார்த்துக்கொள். மெஸ் சாப்பாட்டில் காரம் அதிகம் என்றாயே, மோர் ஊற்றிக்கொள்.

அன்புடன்,
அக்கா ஆனந்தவல்லி

*

சென்னை.
3-9-1970

மரியாதைக்குரிய அக்கா அவர்களுக்கு, தம்பி பஞ்சநதம் வணக்கத்துடன் எழுதுவது.

கடிதம் கிடைத்தது. வைரக்கண்ணுவின் செய்தி மிகவும் வருத்தம் தந்தது. பெட்டியைத் தூக்கிக்கொண்டு என் கல்லூரியைப் பற்றிக் கேட்டுக்கொண்டே வந்தது நினைவிருக்கிறது.

கேட்டதற்குப் பதில் எழுதுகிறேன். குழு இப்போது முடிவு செய்திருக்கும் விளக்கம் இது: பங்கீட்டுக் கெழு என்பது, ஒன்றோடொன்று கலவாத இரு நீர்மங்களில் ஒரு பொருள் கரைந்து சமநிலை அடைந்தபின், அவ்விரு நீர்மங்களிலும் அப்பொருளின் செறிவுகளுக்கு இடையிலான விகிதம். மருந்து வேதியியலில் எண்ணெய், நீர் ஆகிய இரண்டைக் கொண்டே பெரும்பாலும் இது அளக்கப்படும். எடுத்துக்காட்டு வாக்கியமாக, 'உயர்ந்த பங்கீட்டுக் கெழு உடைய மருந்துகள் தோலின் கொழுப்புப் படலத்தை எளிதில் ஊடுருவும்' என்பதைச் சேர்த்திருக்கிறோம். கெழு என்பதற்குப் பதில் குணகம் என்று போடலாமா என ஒரு விவாதம் நடந்துகொண்டிருக்கிறது.

பாரத்தியானின் பங்கீட்டுக் கெழு மிக மிக உயர்ந்தது. தண்ணீரில் ஒரு பங்கு தங்கினால் எண்ணெயில் ஆயிரக்கணக்கான பங்கு தங்கும். ஆகவே எண்ணெய் அதைத் தடுக்காது. கரைத்து வைத்துக்கொள்ளும். தோலில் இயல்பாகவே கொழுப்பு இருக்கிறது; எண்ணெயில் கரைந்த விஷம் அதன் வழியாக உள்ளே போகும். பிறகு வெறும் தண்ணீரில் குளித்தாலும் அது போகாது. நீ எழுதிய அறிகுறிகள், வேர்வை, நுரை, சதைத் துடிப்பு, கண்மணி சுருங்குதல், எல்லாம் இந்த விஷத்துக்கு உரியவையே. எந்த வழியாகப் போனாலும் இவை வரும். முதுகில் காலை முழுவதும் ஒழுகியிருந்தால் தோல் வழியாகவே ஆளைக் கொல்லப் போதுமானது.

ஆனால் அக்கா, இதை நான் உனக்குத் தம்பியாகத்தான் எழுதுகிறேன். நான் அரசு ஊழியன். வயிற்றிலிருந்து எடுத்த பொருள்களை இங்கே பரிசோதனைக்கு அனுப்பியிருப்பார்கள், முடிவு வரட்டும். அதற்கு முன்னால் நான் வாய் திறப்பது முறையாகாது. அதோடு மச்சான் கையெழுத்துப் போட்ட ஒன்றை நான் மறுப்பது எப்படி? அப்பா போனபின் என்னைப் படிக்க வைத்தவர் அவர். கூலிச் சண்டை நடக்கிற நேரத்தில் மிராசுதார் வீட்டு எண்ணெயால் ஒருவன் செத்தான் என்று பேச்சு கிளம்பினால் உங்கள் வைக்கோல்போர் மிஞ்சுமா என்று யோசித்துப் பார். தயவுசெய்து என் பெயர் இதில் வராமல் பார்த்துக்கொள். படித்ததும் இந்தக் கடிதத்தைக் கிழித்துவிடு.

மச்சானுக்கு என் வணக்கம்.

தங்கள் அன்புள்ள,
பஞ்சநதம்

*

மேலஓடத்தூர்.
8-9-1970

தம்பி பஞ்சநதத்துக்கு,

ஆசீர்வாதம் எப்போதும் உண்டு. இன்று அதோடு கோபமும் சேர்த்து அனுப்புகிறேன், இரண்டையும் வாங்கிக்கொள்.

உன் கடிதத்தை நான் கிழிக்கவில்லை. அரிசிப் பானைக்குள் வைத்திருக்கிறேன். உன் விளக்கத்தைப் பலமுறை படித்தேன். கலவாத இரு நீர்மங்கள், சமநிலை, செறிவு, விகிதம். அப்பழுக்கில்லாத தமிழ். ஒரு மனுஷிக்கும் உதவாது. உங்கள் குழு கெழுவா குணகமா என்று அடித்துக்கொள்கிற நேரத்தில் இங்கே ஒருத்தி தலை ஆடிக்கொண்டிருக்கிறது. மிக மிக உயர்ந்தது என்று நீ எழுதிய அந்த ஒரு வரிதான் எனக்கு வேண்டியிருந்தது. என் கையால் ஊற்றினேன், தம்பி. அவன் கேட்டதற்கு மேலேயே ஊற்றினேன்.

நேற்று சஃபியாவைப் பார்க்கப் போகிறேன் என்று உன் மச்சானிடம் சொல்லிவிட்டுத் திருவாரூர் போனேன். என்னோடு பள்ளிக்கூடத்தில் படித்தவள், நினைவிருக்கும். அவள் வீட்டுக்காரர் வக்கீல் அஹமது கபீர்தான் காத்தாயிக்காக ஆஜராகிறார். உன் பெயரைச் சொல்லாமல் விஷயத்தைச் சொன்னேன். அவர் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். வழக்கைப் பெரிய கோர்ட்டுக்கு அனுப்புவதா, இங்கேயே தள்ளிவிடுவதா என்று மாஜிஸ்திரேட் அடுத்த வாரம் புதன்கிழமை விசாரிக்கிறாராம். பெரிய கோர்ட்டுக்குப் போய்விட்டால் காத்தாயி இன்னும் எத்தனை காலம் உள்ளே கிடப்பாளோ, முடிவு என்ன ஆகுமோ தெரியாது என்கிறார். நீ காத்திருக்கச் சொல்கிற பரிசோதனை முடிவைப் பற்றியும் கேட்டேன். விஷம் இருந்தது என்று அது சொல்லும், யார் கொடுத்தது, எந்த வழியாகப் போனது என்பதைத் தீர்த்துச் சொல்லும் என்று நம்பி உட்கார முடியாது என்றார்.

அதைவிடப் பெரிய ஆபத்து ஒன்று இருக்கிறது. அதற்காகத்தான் அவர் என்னைக் கையோடு சிறைக்கு அழைத்துப்போனார். காத்தாயி கோர்ட்டில் குற்றத்தை ஒப்புக்கொள்ளப் போகிறாளாம்.

கம்பிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தாள். கருமாதிக்குக்கூட அவளை விடவில்லை. தாலியை யார் வாங்கினார்கள் என்று கேட்டேன், தானே கழற்றி வைத்துவிட்டதாகச் சொன்னாள். அழவில்லை. என்னைப் பார்த்ததும், 'வாங்கம்மா, குறுவை வந்துச்சா, பயிரு தப்பிச்சுதா' என்றுதான் முதலில் கேட்டாள். கஞ்சியில் ஏதாவது கலந்தாயா என்று நான் நேராகவே கேட்டேன். அதே தூக்கில் மிச்சத்தைத் தான் குடித்துவிட்டுத்தான் அலசியதாகச் சொன்னாள். பிறகு ஏன் ஒப்புக்கொள்கிறாய் என்றேன். அதற்கு அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்: 'நொரை தள்ளிச் சாவுன்னு நான் சொன்னேம்மா. நான் சொன்ன மாதிரியே நொரை தள்ளிச் செத்தாரு. என் வாயிதாம்மா கொன்னுச்சு. இதுல பொய் சொல்ல என்ன இருக்கு?'

அவள் அதை நம்புகிறாள். உப்பைத் தின்றவள் தண்ணீர் குடிக்க வேண்டும் என்று தனக்குத்தானே தீர்ப்பெழுதி வைத்திருக்கிறாள். நான்தான் கொன்றேன் என்று அவள் கூண்டில் நின்று சொன்னால், எந்த அர்த்தத்தில் சொன்னாள் என்று மாஜிஸ்திரேட் அகராதி பார்த்துக்கொண்டிருப்பாரா?

அப்போதுதான் உன் சொல்லின் மேல் எனக்கு உண்மையிலேயே ஆத்திரம் வந்தது. அவளிடம் போய்ச் செறிவு, விகிதம் என்று சொல்ல முடியுமா? யோசித்துவிட்டு, காத்தாயி, சூடத்தைத் தண்ணீரில் போட்டால் என்ன ஆகும் என்று கேட்டேன். மிதக்கும் என்றாள். தேங்காயெண்ணெயில் போட்டால்? கரைந்துபோகும் என்றாள். பிள்ளைக்குச் சளி கட்டினால் அந்த எண்ணெயைக் காய்ச்சி நெஞ்சில் தேய்க்கிறோமே, எதற்கு என்றேன். உள்ளே இறங்கத்தானே என்றாள். அந்த மருந்தும் சூடத்தின் ஜாதி, தண்ணீரை வேண்டாம் என்று தள்ளிவிட்டு எண்ணெயைத் தேடிப் போகிறது, உன் புருஷன் உடம்பு முழுக்க நான் எண்ணெய் ஊற்றி அனுப்பினேன், டின் ஒழுகி அதில் ஊறி உள்ளே இறங்கிவிட்டது, உன் வாய்க்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்றேன். மெட்ராஸில் பெரிய படிப்புப் படித்தவர்கள் அளந்து பார்த்து இதற்கு ஒரு பெயரே வைத்திருக்கிறார்கள் என்றும் சொன்னேன். பெயர் என்ன என்று கேட்டாள். சொன்னேன். ஒரு தடவை திருப்பிச் சொல்லிப் பார்த்தாள். சரியாகவே சொன்னாள்.

நீ என்னைக் கேட்டிருந்தாயே, சாதாரண ஜனங்களுக்குப் புரியுமா என்று. புரிகிறது. சூடத்தை வைத்துச் சொன்னால் புரிகிறது.

அதற்குப் பிறகுதான் அழுதாள். 'அப்ப நான் இல்லியா?' என்று திரும்பத் திரும்பக் கேட்டாள். வார்டர் அம்மாள் வந்து சத்தம் போடாதே என்கிற அளவுக்கு அழுதாள். அழுது ஓய்ந்து முகத்தைத் துடைத்துக்கொண்டு, 'அப்ப யாரும்மா?' என்றாள்.

டின்னைச் சரிபார்க்காத உன் மச்சானா, எண்ணெய் ஊற்றிய நானா, ஊர் வழக்கமா, தமிழில் ஒரு வரி எச்சரிக்கை இல்லாமல் அந்த மருந்தை விற்றவர்களா? வழியெல்லாம் யோசித்தேன். திரும்பி வரும்போது கோரையாற்றுக்கு அக்கரையில் வேறொருவர் வயலில் இரண்டு ஆட்கள் மருந்தடிக்கத் தயாராக நின்றார்கள். வெயிலில் உடம்பு மின்னியது. பஸ்ஸை நிறுத்தச் சொல்லி இறங்கி ஓடினேன். சோப்பு போட்டுக் குளியுங்கள், எண்ணெயோடு இறங்காதீர்கள் என்று கத்தினேன். உன் மச்சான் பெயரைச் சொல்லி, துரைக்கண்ணு வீட்டம்மாவுக்குச் சாவுத் துக்கத்தில் புத்தி தடுமாறிவிட்டது என்று கரையில் நின்ற அந்த வயல்காரரின் காரியக்காரர் சிரித்தார். ஆட்களும் இறங்கிவிட்டார்கள்.

வக்கீல் சொல்வதை எழுதுகிறேன். நான் எண்ணெய் ஊற்றினேன் என்று சாட்சி சொல்லலாம். ஆனால் எண்ணெய் என்ன செய்யும் என்று நான் சொன்னால் அது பெண்பிள்ளைப் பேச்சு. டாக்டர் எழுதியதை எதிர்த்துச் சொல்ல, அதைப் படித்தவன் வேண்டும். அறுபத்தைந்தில் தமிழுக்காகத் தெருவில் இறங்கி மண்டையை உடைத்துக்கொண்டு வந்தாய். தையல் போட்ட இடத்தில் நான்தான் மருந்து தடவினேன். இன்று உங்கள் கட்சியே ஆள்கிறது, எல்லாம் தமிழில் நடக்க வேண்டும் என்கிறது, அந்தத் தமிழில் நாலு வாக்கியம் பேச உனக்குப் பயமாக இருக்கிறதா? இங்கே வேண்டியது ஆள், நீ அர்த்தத்தை அனுப்பியிருக்கிறாய்.

கோபத்தில் எழுதிவிட்டேன். அடித்துத் திருத்த மாட்டேன்.

அக்கா

*

மேலஓடத்தூர்.
12-9-1970, சனிக்கிழமை

என் கண்ணான தம்பி பஞ்சநதத்துக்கு,

உன்னிடமிருந்து பதில் இல்லை. தபாலில் இருக்கிறதோ, எழுதவே இல்லையோ. போன கடிதத்தில் ரொம்பக் கடுமையாகப் பேசிவிட்டேன். உன் நிலைமை எனக்குப் புரியாமல் இல்லை. உத்தியோகம் போனால் மறுபடி கிடைப்பது எவ்வளவு கஷ்டம் என்று தெரியும். ஆனாலும் கேட்பதற்கு எனக்கு வேறு யார் இருக்கிறார்கள்?

உன் மச்சானிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அரிசிப் பானையிலிருந்து உன் கடிதத்தை எடுத்து அவர் கையிலேயே கொடுத்தேன். மன்னித்துக்கொள், உன் பெயரை மறைத்து வைத்து அவரிடம் பாதி உண்மை பேச எனக்கு வரவில்லை. முழுவதும் படித்தார். மடித்து என்னிடமே திருப்பிக் கொடுத்தார். நீ எழுதிய வைக்கோல்போர் விஷயத்தை மட்டும் பிடித்துக்கொண்டார். 'அவனுக்கு இருக்குற புத்தி உனக்கு இல்ல. நம்மாலதான் செத்தான்னு நீயே போயிச் சொன்னா நாளைக்கு இந்த வீடு நிக்குமா? எழுதிக் குடுத்தது எழுதிக் குடுத்ததுதான்' என்றார். அந்தப் பெண் தூக்கில் தொங்கினால் இந்த வீட்டில் நாம் எப்படிச் சோறு தின்பது என்று கேட்டேன். எழுந்து வயலுக்குப் போய்விட்டார். சாயங்காலம் திரும்பி வந்து, என் முகத்தைப் பார்க்காமல், 'கோர்ட்டுக்குப் போறதுன்னா போ. போயிட்டு இங்க வரணும்னு நெனைக்காத' என்றார்.

அவரை உனக்குத் தெரியும். சொன்னால் சொன்னதுதான். கோபத்தில் சொன்னார் என்று நானும் முதலில் நினைத்தேன். மறுநாள் மிராசுதார்கள் சங்கத்துப் பெரியவர்கள் வந்தார்கள். அவர்கள் எதிரில் என்னைக் கூப்பிட்டு, சாட்சிக்குப் போகவில்லை என்று சொல்லச் சொன்னார். நான் உள்ளே போய்விட்டேன். வந்தவர்களுக்குக் காப்பி கொண்டுபோக மறந்துவிட்டேன். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அப்படி ஒரு நாளும் நடந்ததில்லை.

இன்று சனிக்கிழமை. வழக்கம்போல் அவருக்கு எண்ணெய்க் கிண்ணத்தைச் சூடு பண்ணி எடுத்துவைத்தேன். வந்தார். கிண்ணத்தைப் பார்த்தார். துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு, எண்ணெயைத் தொடாமல் ஆற்றுக்குப் போய்விட்டார். காய்ச்சலில் படுத்தபோதுகூடச் சனிக்கிழமை எண்ணெயை விடாத மனுஷர். அவருக்குப் புரிந்துவிட்டது, தம்பி. நீ அளந்த கெழு அவருக்கு நன்றாகவே புரிந்துவிட்டது. வாயால் சொல்லத்தான் முடியவில்லை. அதனால்தான் அவர் மேல் எனக்குக் கோபம் நிற்கவில்லை, பாவமாக இருக்கிறது. அவரை விட்டுப் போவதும் அதனால்தான் கஷ்டமாக இருக்கிறது.

நான் போகத்தான் போகிறேன். செவ்வாய்க்கிழமையே கிளம்பிச் சஃபியா வீட்டில் தங்குகிறேன். புதன்கிழமை காலையில் கோர்ட்டு. காத்தாயி இப்போது ஒப்புக்கொள்ள மாட்டாள் என்று வக்கீல் சொல்கிறார். ஆனால் நான் மட்டும் நின்றால், எண்ணெய் ஊற்றினேன் என்ற என் பேச்சு டாக்டருக்குத்தான் அனுகூலமாகப் போகும் என்றும் சொல்கிறார். பார், எண்ணெய் பூசியதை வீட்டுக்காரியே சொல்கிறாள், பிறகு தோல் வழியாக எப்படி என்று கேட்பார்களாம். நான் உண்மையைச் சொல்லப் போய், அதுவே அவளைத் தூக்கில் ஏற்றிவிடும். அந்த உண்மைக்கு மறுபாதி உன்னிடம் இருக்கிறது. அது இல்லாமல் என் பாதி, இல்லாததைவிடக் கெடுதல்.

நீ என்ன சொல்ல வேண்டும் என்று யோசித்து வைத்திருக்கிறேன். புத்தக வாக்கியத்தை முதலில் சொல், அது எழுத்தில் ஏற வேண்டும். பிறகு மாஜிஸ்திரேட் முகத்தைப் பார்த்து, எண்ணெய் இந்த விஷத்தைத் தடுக்காது, உள்ளே அழைத்துப்போகும் என்று ஒரே வரியில் சொல். மச்சான் பொய் சொன்னார் என்று நீ சொல்ல வேண்டியதில்லை. அவர் பொய் சொல்லவில்லை. எண்ணெய் பூசியதைப் பார்த்தார், பார்த்ததைச் சொன்னார். அதற்கு அர்த்தம் தெரியவில்லை, அவ்வளவுதான். அவருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது, செத்தவனுக்கும் தெரியாது. தெரிந்தவன் நீ ஒருவன்.

அவர் கோர்ட்டில் எதிர்ப்பக்கம் உட்கார்ந்திருப்பார். அவரைப் பார்க்கச் சங்கடமாக இருந்தால் பார்க்காதே. முடிந்ததும் போய் அவர் காலில் விழுந்து எழுந்திரு. உதைக்க மாட்டார். உன்னை அவர் பிள்ளை மாதிரிதான் நினைத்திருக்கிறார். இன்னும் அப்படித்தான் நினைப்பார் என்று எனக்கு நம்பிக்கை இருக்கிறது. என் விஷயத்தில்தான் அந்த நம்பிக்கை இல்லை.

நீ தீர்க்காயுசாக, பயமில்லாமல், படித்த படிப்புக்கு வாய் உள்ளவனாக வாழ வேண்டும். எனக்குப் பிள்ளை இல்லாத குறையை நீ தீர்த்தாய். வேறு எதுவும் உன்னிடம் நான் கேட்டதில்லை, இனியும் கேட்க மாட்டேன்.

இந்தக் கடிதத்துக்குப் பதில் போடாதே. போட்டால் அது இந்த வீட்டுக்கு வரும், வாங்கிக்கொள்ள நான் இருக்க மாட்டேன். நீயே வா.

உன் அக்கா,
ஆனந்தவல்லி